அமீனா நோட்டீஸ் ஒட்டிவிட்டால் வீடு போய்விட்டதா?

கேள்வி, மார்ச் 3
என் மைத்துனர் தொழிலுக்காக ஒரு வங்கியில் கடன் வாங்கினார். வீட்டை அடமானம் வைக்கவில்லை. தவணைகள் நின்றுபோய், வங்கி வழக்குப் போட்டது. அவர் நீதிமன்றத்துக்குப் போகவே இல்லை. நேற்று நீதிமன்ற உத்தரவுகளைக் கொண்டுவந்து சேர்க்கும் ஊழியரான அமீனா வந்து, வீட்டுச் சுவரில் ஜப்தி உத்தரவை ஒட்டி, தமுக்கு அடித்து அறிவித்துவிட்டுப் போனார். வீடு இனி வங்கிக்குச் சொந்தம், ஒரு வாரத்தில் காலி செய்ய வேண்டும் என்று பார்த்தவர்கள் எல்லோரும் சொல்கிறார்கள். இது உண்மையா?

மார்ச் 3, இரவு
உண்மையில்லை. யாரும் எதையும் காலி செய்ய வேண்டாம்.

நான் வழக்கறிஞர் அல்ல. என் அப்பா ஒருவருடைய வங்கிக் கடனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டு, கடன் வாங்கியவர் கட்டாமல் விட்டதால், எங்கள் வீட்டுச் சுவரிலும் இதே தாள் ஒட்டப்பட்டது. அந்தத் தாளின் பின்னால் பல ஆண்டுகள் அலைந்ததில் தெரிந்துகொண்டதைத்தான் எழுதுகிறேன்.

உங்கள் மைத்துனர் வீட்டில் ஒட்டப்பட்டிருப்பது உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 21 விதி 54-இன்படி பிறப்பிக்கப்படும் தடை உத்தரவு. அந்தத் தாளை முழுமையாகப் படித்துப் பாருங்கள். இந்தச் சொத்தை விற்கவோ, தானமாகக் கொடுக்கவோ, அடமானம் வைக்கவோ, வேறெந்த வகையிலும் கைமாற்றவோ கூடாது என்று கடன்தாரருக்கும், அவரிடமிருந்து யாரும் வாங்கக் கூடாது என்று மற்றவர்களுக்கும் அது சொல்லும். அதற்கு மேல் அது எதையும் செய்வதில்லை. சொத்தின் உரிமை இன்றும் உங்கள் மைத்துனரிடம்தான் இருக்கிறது, வங்கிக்குப் போகவில்லை. அந்த வீட்டில் அவர் குடியிருப்பதையும் இந்த உத்தரவு தொடுவதில்லை.

எங்கள் வீட்டுக்கு அமீனா வந்த அன்று நடந்தது இன்னும் கண்ணில் நிற்கிறது. அவர் பசை தடவிக்கொண்டிருக்கும்போதே அம்மா உள்ளே போய், சமையலறைப் பாத்திரங்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கத் தொடங்கிவிட்டார். மாலைக்குள் வெளியேற வேண்டும் என்று நினைத்துவிட்டார். அமீனா சன்னல் வழியே பார்த்து, "அம்மா, நீங்க எங்கேயும் போக வேண்டாம், விற்கக் கூடாதுன்னுதான் இதுல எழுதியிருக்கு" என்றார். எங்களுக்கு அந்த வழக்கில் கிடைத்த முதல் சரியான சட்ட ஆலோசனை அதுதான். அதுவும் எங்கள் வழக்கறிஞர் சொன்னதல்ல.

மார்ச் 4
நேற்று எழுதியதில் ஒன்றை விட்டுவிட்டேன். ஜப்தி என்பது முடிவல்ல என்று சொன்னதை, அதனால் சும்மா இருக்கலாம் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். அதே தாளின் அடிப்பகுதியில் ஒரு தேதி இருக்கிறதா பாருங்கள். விற்பனைப் பிரகடனத்தின், அதாவது ஏல அறிவிப்பின், விவரங்களை முடிவு செய்வதற்கான நாளை அறிந்துகொள்ள, இன்ன தேதியில் நீதிமன்றத்துக்கு வர வேண்டும் என்று அதே விதி 54 கடன்தாரரைப் பணிக்கிறது. பெரும்பாலான வீடுகளில் தாளின் மேல்பகுதியைப் பார்த்துப் பயப்படுகிறார்கள், அடிப்பகுதியைப் பார்ப்பதில்லை. எங்கள் வீட்டிலும் அப்படித்தான் நடந்தது. அந்த வாய்தாவுக்கு யாரும் போகவில்லை.

மார்ச் 4, மாலை
அடமானம் இல்லை என்று நீங்கள் சொன்னது மிக முக்கியமான விவரம். இரண்டு வெவ்வேறு நடவடிக்கைகளை மக்கள் ஒன்றாகக் குழப்பிக்கொள்கிறார்கள்.

வீட்டையோ மனையையோ வங்கிக்கு அடமானம் வைத்துக் கடன் வாங்கியிருந்தால், வங்கி பெரும்பாலும் நீதிமன்றத்துக்கு வருவதே இல்லை. 2002-ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டப்படி, 13(2) பிரிவில் 60 நாள் அவகாசம் கொடுத்து ஒரு நோட்டீஸ் அனுப்பும். அதற்கு நாம் எதிர்ப்பு எழுதினால் 15 நாட்களுக்குள் பதில் தர வேண்டும். அதன் பிறகு 13(4) பிரிவின்படி சொத்தைத் தன் பொறுப்பில் எடுத்துக்கொள்ளும். அப்போதும் ஒரு தாள் ஒட்டப்படும், நாளிதழிலும் வெளிவரும். ஆனால் அது ஜப்தி அல்ல, சுவாதீன அறிவிப்பு. அதை எதிர்க்க வேண்டிய இடம் கடன் மீட்புத் தீர்ப்பாயம், கால வரம்பு 45 நாட்கள். சாதாரண உரிமையியல் நீதிமன்றத்தில் போய்த் தடை கேட்டால் அந்தச் சட்டத்தின் 34-ஆம் பிரிவு குறுக்கே நிற்கும்.

அடமானம் இல்லாத கடனில் வங்கிக்கு அந்தக் குறுக்கு வழி கிடையாது. நிலுவை 20 லட்சம் ரூபாய்க்குக் குறைவாக இருந்தால் உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு, டிக்ரி என்னும் தீர்ப்பாணையை வாங்கி, அதைச் செயல்படுத்தக் கேட்கும் நிறைவேற்று மனு போட்டுத்தான் சொத்தைத் தொட முடியும். 20 லட்சமும் அதற்கு மேலும் என்றால் 1993-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி கடன் மீட்புத் தீர்ப்பாயம் விசாரித்து மீட்புச் சான்றிதழ் கொடுக்கும், அங்குள்ள மீட்பு அதிகாரி ஜப்தி செய்வார். இந்த வரம்பு முன்பு 10 லட்சமாக இருந்தது, 2018-இல் 20 லட்சமாக உயர்த்தப்பட்டது. உங்கள் மைத்துனரிடம் எந்த நீதிமன்றத்தின் முத்திரை அந்தத் தாளில் இருக்கிறது என்று கேளுங்கள். அதைப் பொறுத்துத்தான் அடுத்த அடி.

மார்ச் 6
மாவட்ட முன்சீப் நீதிமன்ற முத்திரை என்று சொல்லியிருக்கிறீர்கள். அப்படியானால் உரிமையியல் நடைமுறைச் சட்டம்தான் பொருந்தும், நான் கடந்து வந்த பாதையும் அதுதான்.

அவர் வழக்கில் ஆஜராகவே இல்லை என்பதால் வங்கிக்குக் கிடைத்திருப்பது எக்ஸ்பார்ட்டி டிக்ரி. அதை ரத்து செய்யும்படி கட்டளை 9 விதி 13-இன்படி மனு போடலாம். டிக்ரி தேதியிலிருந்து 30 நாட்கள், சம்மன் முறையாகச் சார்வு செய்யப்படவில்லை, அதாவது கொண்டுவந்து சேர்க்கப்படவில்லை என்றால் டிக்ரி பற்றித் தெரிந்த நாளிலிருந்து 30 நாட்கள். சம்மனை வாங்கிக் கையெழுத்துப் போட்டுவிட்டு, மேசை இழுப்பறையில் வைத்துவிட்டேன் என்று சொல்பவர்களுக்கு இரண்டாவது கணக்கு பயன்படாது. தாமதத்தை மன்னிக்கக் கேட்டு மனு போடலாம், ஆனால் ஒவ்வொரு நாளுக்கும் காரணம் சொல்ல வேண்டியிருக்கும், நீதிமன்றம் ஒரு தொகையைக் கட்டச் சொல்லவும் கூடும்.

என் அப்பா சம்மனை வாங்கினார். கடன் வாங்கியவர், "நான் பார்த்துக்கொள்கிறேன், நீங்கள் வரவே வேண்டாம்" என்றார். அப்பா அதை நம்பினார். ஜாமீன்தாரரின் பொறுப்பு கடன்தாரரின் பொறுப்புக்குச் சமமானது என்று ஒப்பந்தச் சட்டம் 128-ஆம் பிரிவு சொல்வதும், வங்கி முதலில் கடன்தாரரின் சொத்தைத் தேடிவிட்டுத்தான் ஜாமீன்தாரரிடம் வர வேண்டும் என்ற கட்டாயம் இல்லை என்பதும் எங்களுக்கு அன்று தெரியாது. கடன்தாரர் பெயரில் தேடுவதற்குச் சொத்தே இல்லை. எங்களுக்கு ஒரு வீடு இருந்தது, அதனால் எங்களிடம் வந்தார்கள்.

மார்ச் 9
குடியிருக்கும் வீட்டை ஜப்தி செய்ய முடியாது என்று ஒருவர் எழுதியிருந்தார். நானும் அப்படி ஒரு விதிவிலக்கு இருப்பதாக ஒரு பதிலில் தலையாட்டிவிட்டேன். அதைத் திருத்திக்கொள்கிறேன்.

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 60-ஆம் பிரிவு, விவசாயிக்கோ, கூலித் தொழிலாளிக்கோ, வீட்டு வேலை செய்பவருக்கோ சொந்தமாக இருந்து அவரே குடியிருக்கும் வீட்டுக்குத்தான் பாதுகாப்புத் தருகிறது. கடைக்காரருக்கோ, அலுவலகத்தில் வேலை செய்பவருக்கோ, தொழில் நடத்துபவருக்கோ அந்தப் பாதுகாப்பு இல்லை. ஒரே வீடு என்பதும், குழந்தைகள் இருக்கிறார்கள் என்பதும் அந்தப் பிரிவின் முன் காரணமாக நிற்காது. இதைச் சொல்ல எனக்கு வருத்தமாக இருக்கிறது, ஆனால் இல்லாத கதவை இருப்பதாகச் சொல்லி ஒருவரைக் காக்க வைப்பது அதைவிட மோசமான செயல்.

அதே பிரிவு காப்பாற்றும் வேறு பொருள்கள் இருக்கின்றன. உடுக்கும் துணி, சமையல் பாத்திரங்கள், படுக்கை, மத வழக்கப்படி ஒரு பெண் கழற்றக் கூடாத நகை, கைவினைஞரின் கருவிகள், விவசாயியின் உழவுக் கருவிகள், மாடுகள், விதை தானியம் ஆகியவற்றைத் தொட முடியாது. அம்மா அன்று அடுக்கிய பாத்திரங்களை எந்த நீதிமன்றமும் கேட்டிருக்க முடியாது. வருங்கால வைப்பு நிதி, ஆயுள் காப்பீட்டுப் பாலிசியின் பணம், அரசு ஓய்வூதியம் ஆகியவையும் பாதுகாப்புக்கு உட்பட்டவை.

சம்பளத்துக்குத் தனிக் கணக்கு உண்டு. முதல் ஆயிரம் ரூபாயும், மீதியில் மூன்றில் இரண்டு பங்கும் தொடக் கூடாதவை. சட்டம் கணக்கில் எடுக்கும் சம்பளம் 31,000 என்று வைத்துக்கொண்டால், ஆயிரம் போக 30,000, அதில் மூன்றில் ஒரு பங்கான 10,000 மட்டுமே மாதந்தோறும் ஜப்தியாகும். அதே டிக்ரிக்காக மொத்தம் 24 மாதங்கள் பிடித்தம் நடந்துவிட்டால், அந்த டிக்ரியைப் பொறுத்தவரை அந்தச் சம்பளத்துக்கு முழு விலக்கு வந்துவிடும். கடன் பாக்கி நின்றாலும் சம்பளத்தை மீண்டும் தொட முடியாது. வேறு சொத்து இருந்தால் அதை நோக்கிப் போவார்கள்.

மார்ச் 9, சற்று நேரம் கழித்து
மைத்துனரைக் கைது செய்வார்களா என்று உங்கள் தங்கை பயப்படுவதாக எழுதியிருக்கிறீர்கள். டிக்ரி பணத்துக்காக உரிமையியல் சிறையில் வைக்கச் சட்டத்தில் இடம் இருக்கிறது. ஆனால் பணம் இல்லாததற்காக ஒருவரைச் சிறையில் தள்ள முடியாது. கையில் வசதி இருந்தும் கெட்ட எண்ணத்தோடு கட்ட மறுக்கிறார் என்று காட்டப்பட வேண்டும் என்று 1980-இல் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. நீதிபதி கிருஷ்ணய்யர் எழுதிய அந்தத் தீர்ப்பிலும் எதிர்த் தரப்பில் இருந்தது ஒரு வங்கிதான். பண டிக்ரிக்காகப் பெண்களைக் கைது செய்யவே 56-ஆம் பிரிவு தடை விதிக்கிறது. உங்கள் தங்கை நிம்மதியாகத் தூங்கலாம்.

மார்ச் 15
வீட்டில் பாதி மைத்துனரின் அக்காவுக்கு உரியது என்ற செய்தியை இவ்வளவு தாமதமாகச் சொல்கிறீர்களே. இதுதான் முதலில் வந்திருக்க வேண்டும்.

கடன் வாங்காத, ஜாமீனும் போடாத ஒருவரின் பங்கை அந்த டிக்ரிக்காக ஏலம் விட முடியாது. ஜப்தித் தாளில் முழு வீடும் விவரிக்கப்பட்டிருந்தால், அக்கா தன் பெயரில் கட்டளை 21 விதி 58-இன்படி உரிமை கோரும் மனு போட வேண்டும். பத்திரம், பாகப் பத்திரம், வரி ரசீது எல்லாவற்றையும் இணைக்க வேண்டும். அந்த மனுவை நீதிமன்றம் ஒரு தனி வழக்கைப் போலவே விசாரித்து முடிவு செய்யும், அந்த முடிவுக்கு டிக்ரியின் மதிப்பு உண்டு, மேல்முறையீடும் உண்டு.

ஆனால் ஒன்றை அழுத்திச் சொல்கிறேன். சொத்து ஏலத்தில் விற்கப்பட்ட பிறகு இந்த மனு எடுத்துக்கொள்ளப்படாது. வேண்டுமென்றே தாமதப்படுத்தினார் என்று நீதிமன்றம் கருதினாலும் எடுத்துக்கொள்ளப்படாது. தம்பி சமாதானமாக முடித்துவிடுவார் என்று அக்கா காத்திருக்கக் கூடாது. நாங்களும் கடன் வாங்கியவர் முடித்துவிடுவார் என்றுதான் காத்திருந்தோம்.

மார்ச் 16
அக்காவின் பெயருக்கு மைத்துனரின் பங்கையும் இப்போதே எழுதி வைத்துவிட்டால் என்ன என்று கேட்டிருக்கிறீர்கள். கூடாது. ஜப்திக்குப் பிறகு செய்யும் தனியார் கைமாற்றம் எதுவாக இருந்தாலும், அந்த ஜப்தியின் கீழ் வரும் உரிமைகளுக்கு எதிராக அது செல்லாது என்று 64-ஆம் பிரிவு சொல்கிறது. ஜப்திக்கு முன்பே பதிவு செய்யப்பட்ட விற்பனை ஒப்பந்தம் இருந்து, அதன் தொடர்ச்சியாகக் கிரயம் நடந்தால் மட்டும் விலக்கு உண்டு. இப்போது எழுதினால் வீடும் காப்பாற்றப்படாது, அக்காவின் நியாயமான மனுவும் சந்தேகத்துக்கு ஆளாகும்.

மார்ச் 21
வழக்கு நடக்கும்போதே, தீர்ப்புக்கு முன்னாலேயே தன் கடை இடத்தை ஜப்தி செய்துவிட்டார்கள் என்று வேறொருவர் கேட்டிருக்கிறார். அது கட்டளை 38 விதி 5. கடன் இருக்கிறது என்பது மட்டும் அதற்குப் போதாது. வரப்போகும் டிக்ரியை ஏமாற்றும் நோக்கத்தோடு சொத்தை விற்கவோ அப்புறப்படுத்தவோ போகிறார் என்பதை வங்கி காட்ட வேண்டும். நீதிமன்றம் முதலில் பிணை கொடுக்கச் சொல்லவோ, ஏன் கொடுக்கத் தேவையில்லை என்று காரணம் காட்டச் சொல்லவோ வேண்டும். இதைப் பின்பற்றாமல் செய்த ஜப்தி செல்லாது என்று அதே விதி சொல்கிறது. பிணையில்லாக் கடனைப் பிணையுள்ள கடனாக மாற்றிக்கொள்ள இந்த விதியைப் பயன்படுத்தக் கூடாது என்று 2008-இல் ராமன் டெக் வழக்கில் உச்ச நீதிமன்றம் எச்சரித்தது. மனுவின் உறுதிமொழி ஆவணத்தை வாங்கிப் படியுங்கள். "எதிர்மனுதாரர் சொத்தை விற்க முயல்வதாக மனுதாரருக்குத் தெரிய வருகிறது" என்ற ஒற்றை வரி மட்டும் இருந்தால், யாரிடம், எப்போது, என்ன ஆதாரம் என்று கேட்டு எதிருரை போடலாம்.

மார்ச் 30
ஏலம் வரை போனால் என்ன நடக்கும் என்று கேட்டதற்கு முழுமையாக எழுத வேண்டும் என்றுதான் இத்தனை நாள் தள்ளிப் போட்டேன்.

முதலில் விற்பனைப் பிரகடனம். கட்டளை 21 விதி 66-இன்படி கடன்தாரருக்கு நோட்டீஸ் கொடுத்து, அவர் சொல்லும் மதிப்பையும் கேட்டு அதில் சேர்க்க வேண்டும். நீங்கள் போகாவிட்டால் வங்கி சொன்ன மதிப்பு மட்டும் அங்கே நிற்கும். அது எப்போதும் குறைவாகவே இருக்கும். அன்றைக்கு வழிகாட்டி மதிப்புச் சான்றையும், அருகில் அண்மையில் நடந்த கிரயப் பத்திரங்களின் நகலையும் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும். இதற்கு வாதத் திறமை தேவையில்லை, கையில் இரண்டு தாள்கள் இருந்தால் போதும். அடுத்து விதி 64. டிக்ரி பணத்துக்குப் போதுமான பகுதியை மட்டுமே விற்க வேண்டும். மூன்று மனைகள் ஜப்தியாகி, ஒரு மனையின் விலையே கடனுக்குப் போதும் என்றால் மூன்றையும் ஏலம் விடக் கூடாது. இது நீதிமன்றத்தின் கடமை என்று உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது.

பிரகடனம் ஒட்டப்பட்டு 15 நாட்கள் ஆன பிறகுதான் அசையாச் சொத்தின் ஏலம் நடக்க முடியும். ஏலம் எடுத்தவர் உடனே 25 சதவீதமும், 15 நாட்களுக்குள் மீதி முழுவதும் கட்ட வேண்டும். வங்கியே ஏலம் கேட்க விரும்பினால் நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும்.

பலருக்குத் தெரியாத ஒரு விதி இருக்கிறது, விதி 83. தன் சொத்தைத் தானே நல்ல விலைக்கு விற்றோ, அடமானம் வைத்தோ, குத்தகைக்கு விட்டோ டிக்ரி பணத்தைத் திரட்ட முடியும் என்று கடன்தாரர் நீதிமன்றத்துக்குக் காட்டினால், ஏலத்தைத் தள்ளி வைத்து, அந்த விற்பனைக்கு நீதிமன்றமே சான்றிதழ் கொடுக்கலாம். 64-ஆம் பிரிவின் தடையை மீறி நடக்கக்கூடிய விற்பனை அது. பணம் நேராக நீதிமன்றத்தில் கட்டப்பட வேண்டும், நீதிமன்றம் உறுதி செய்த பிறகே விற்பனை முழுமை பெறும். மார்ச் 16 அன்று எழுதி வைக்கக் கூடாது என்று சொன்னேனே, விற்க வேண்டும் என்றால் அதற்கான நேர்வழி இதுதான். அடமான டிக்ரிக்கு மட்டும் இந்த விதி பொருந்தாது.

ஏலம் முடிந்துவிட்டாலும் 60 நாட்கள் இருக்கின்றன. பிரகடனத்தில் குறித்த தொகையையும், ஏலம் எடுத்தவருக்கு ஏலத் தொகையில் 5 சதவீதத்தையும் கட்டிவிட்டால் விதி 89-இன்படி ஏலம் ரத்தாகும். இதற்கு எந்தக் குற்றச்சாட்டும் சொல்ல வேண்டியதில்லை, பணம் கட்டினால் போதும். பிரகடனத்திலோ ஏலத்திலோ பெரிய முறைகேடு அல்லது மோசடி நடந்து, அதனால் கணிசமான இழப்பு ஏற்பட்டது என்று காட்ட முடிந்தால் விதி 90. இரண்டையும் ஒரே நேரத்தில் நடத்த முடியாது. விதி 90 மனுவைத் திரும்பப் பெற்றுக்கொண்டால்தான் விதி 89-க்குள் நுழைய முடியும். கையில் பணம் இருப்பவர்கள்கூட முறைகேடு என்று வாதாடப் போய் 60 நாட்களைத் தொலைக்கிறார்கள். அந்த நாட்கள் போனால் நீட்டித்துத் தரமாட்டார்கள்.

ஏப்ரல் 11
பேசி முடிவு செய்த ஒரு தொகையைக் கட்டிக் கடனை முடித்துக்கொள்ளும் ஒருமுறைத் தீர்வுக்கு வங்கி ஒப்புக்கொண்டது, பணம் கட்டப் போகிறோம், இனி நீதிமன்றத்துக்குப் போகத் தேவையில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். மகிழ்ச்சி. ஆனால் கடைசி வாக்கியத்தைப் படித்ததும் எனக்குப் பதறிவிட்டது. இதைச் சொல்வதற்காகத்தான் நான் இவ்வளவு எழுதினேன் என்றே நினைக்கிறேன்.

நாங்களும் அப்படித்தான் கட்டினோம். அப்பா தன் ஓய்வுக்காலப் பணத்தில் பெரும்பகுதியை எடுத்து ஒரே தவணையில் கட்டினார். வங்கிக் கிளையில் முத்திரையோடு கடன் நிலுவையில்லாச் சான்று கொடுத்தார்கள். அதை உறையிட்டு வீட்டுப் பத்திரத்தோடு வைத்தார். நீதிமன்றத்துக்கு யாரும் போகவில்லை. ஏழு ஆண்டுகள் கழித்து, அவர் இறந்த பிறகு, நானும் தம்பியும் பாகப்பிரிவினைக்காக வில்லங்கச் சான்று எடுத்தோம். அதில் அந்த வீட்டின் நான்கு எல்லைகளுக்குப் பக்கத்தில், வழக்கு எண்ணோடு, "ஜப்தி" என்ற சொல் அப்படியே இருந்தது. பணம் கட்டிய செய்தி அந்தத் தாளுக்கு எட்டவே இல்லை.

டிக்ரி பணத்தை நீதிமன்றத்துக்கு வெளியே கட்டினால், அதை நீதிமன்றத்தில் பதிவு செய்ய வேண்டும் என்று கட்டளை 21 விதி 2 சொல்கிறது. டிக்ரி பெற்றவர் தாமே தெரிவிக்கலாம். அவர் தெரிவிக்காவிட்டால் கடன்தாரர் மனு போடலாம், ஆனால் பணம் கட்டியதிலிருந்து 30 நாட்களுக்குள் போட வேண்டும். பதிவு செய்யப்படாத பணத்தை நிறைவேற்று நீதிமன்றம் கணக்கிலேயே எடுத்துக்கொள்ளக் கூடாது. டிக்ரியை நிறைவேற்ற 12 ஆண்டுகள் அவகாசம் இருக்கிறது. யாராவது பழைய கோப்பைத் தூசி தட்டி மீண்டும் மனு போட்டால், நம் கையில் இருக்கும் வங்கிச் சான்றை வைத்துத் தப்பிக்க முடியுமா என்பது அங்கே ஒரு பெரிய போராட்டமாகிவிடும்.

ஆகவே ஒருமுறைத் தீர்வுக் கடிதத்திலேயே, பணம் வந்த இத்தனை நாட்களுக்குள் டிக்ரி பணம் முழுவதும் வந்துவிட்டது என்று தெரிவிக்கும் முழுத் திருப்தி மெமோவை வங்கி நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும் என்ற வரியை எழுதி வாங்குங்கள். பணம் கட்டிய ரசீதோடு உங்கள் வழக்கறிஞர் மூலம் நீங்களும் 30 நாட்களுக்குள் மனு போட்டுவிடுங்கள். இரண்டும் நடக்கட்டும், எதுவும் கெட்டுவிடாது.

ஏப்ரல் 12
பிறகு என்ன செய்தீர்கள் என்று மூன்று பேர் கேட்டிருக்கிறீர்கள். வங்கிக்கு அலைந்தேன். அந்தக் கிளை வேறொரு கிளையோடு இணைந்துவிட்டது. கோப்பு மண்டல அலுவலகத்தில் இருப்பதாகச் சொன்னார்கள், மண்டல அலுவலகத்தில் வழக்கறிஞரிடம் இருப்பதாகச் சொன்னார்கள், அந்த வழக்கறிஞர் வங்கியின் பட்டியலில் இப்போது இல்லை என்றார்கள். மூன்று மாதங்கள் ஓடின. எல்லோரும் மரியாதையாகத்தான் பேசினார்கள், ஆனால் ஒருவரும் மெமோவில் கையெழுத்துப் போடவில்லை.

ஏப்ரல் 14
நேற்று முன்தினம் எழுதியதை மறுபடி படித்தபோது, ஒரு பாதியை மட்டும் சொல்லியிருக்கிறேன் என்று தெரிந்தது. ஜப்தியை நீக்க வங்கியின் மெமோ ஒன்றுதான் வழி என்ற எண்ணம் அதைப் படிப்பவர்களுக்கு வரும். எனக்கும் அந்த எண்ணம்தான் இருந்தது. அது தவறு என்று காட்டியவர் ஓய்வுபெற்ற ஒரு நீதிமன்றச் சிரஸ்தார், அதாவது தலைமை எழுத்தர். அந்த நிறைவேற்று மனு கடைசியில் என்ன ஆயிற்று என்று அவர் கேட்டார். எனக்குத் தெரியவில்லை. முதலில் அதற்கு நகல் மனு போடுங்கள் என்றார்.

நகல் வந்தது. பணம் வந்த பிறகு வங்கியின் வழக்கறிஞர் வாய்தாவுக்கு வருவதை நிறுத்திவிட்டார், நோட்டீஸ் அனுப்புவதற்கான கட்டணமான பேட்டாவும் கட்டவில்லை. ஆகவே மனு தவறுகையால் தள்ளுபடி செய்யப்பட்டிருந்தது. ஒரே வரி உத்தரவு, ஜப்தியைப் பற்றி அதில் ஒரு சொல்லும் இல்லை. சிரஸ்தார் அந்தத் தாளில் விரலை வைத்து, "ஒன்றும் சொல்லாததுதான் உங்களுக்கு நல்லது" என்றார். விதி 57-இன்படி, ஜப்திக்குப் பிறகு நிறைவேற்று மனு தள்ளுபடியானால், ஜப்தி தொடருமா முடியுமா என்று நீதிமன்றம் உத்தரவில் குறிப்பிட வேண்டும். குறிப்பிடாமல் விட்டால் ஜப்தி முடிந்ததாகவே கருதப்படும். நாங்கள் மூன்று மாதங்கள் வங்கியின் படிகளில் ஏறி இறங்கிக்கொண்டிருந்தபோது, ஜப்தி சட்டப்படி ஆறு ஆண்டுகளுக்கு முன்பே முடிந்திருந்தது. சார்பதிவாளருக்கு மட்டும் அது தெரியாது.

இதில் எனக்கு ஒரு மறுயோசனையும் உண்டு. விதி 57 ஜப்தியைத்தான் முடிக்கிறது, டிக்ரியை முடிப்பதில்லை. 12 ஆண்டுகள் முடியும்வரை புதிய நிறைவேற்று மனு போட்டு மீண்டும் ஜப்தி கேட்க இடம் இருக்கிறது. வாரிசுகள் என்ற முறையில் நானும் தம்பியும் அப்பாவிடமிருந்து வந்த சொத்தின் அளவுக்குப் பொறுப்பாகிறோம், அந்த வீடோ அவரிடமிருந்துதான் வந்தது. ஆகவே மெமோவைத் தேடி அலைந்தது வீண் என்றும் சொல்ல முடியாது. டிக்ரி பெற்றவர் தாமே பணம் வந்ததைத் தெரிவிக்க 30 நாள் வரம்பு கிடையாது என்பதும் சிரஸ்தார் சொல்லித்தான் தெரிந்தது. அதைச் சொல்லி, தள்ளுபடி உத்தரவின் நகலையும், நிலுவையில்லாச் சான்றையும், ரசீதையும் ஒன்றாகக் கட்டி மண்டல அலுவலகத்துக்குப் பதிவுத் தபாலில் அனுப்பிய பிறகுதான் புதிய வழக்கறிஞரை நியமித்தார்கள். எதையும் தேட வேண்டிய வேலை அவர்களுக்கு மிச்சம் இல்லை என்பதுதான் காரணம் என்று நினைக்கிறேன்.

மே 2
அக்காவின் மனுவுக்கு எண் கிடைத்துவிட்டது என்பது நல்ல செய்தி. ஒருமுறைத் தீர்வு முடிந்தால் அந்த மனுவுக்கு வேலை இருக்காது, ஆனால் முடியும்வரை அதைத் திரும்பப் பெற வேண்டாம்.

மே 29
பணம் கட்டி, இரண்டு தரப்பும் மெமோ போட்டு, முழுத் திருப்தி பதிவாகிவிட்டது என்று எழுதியிருக்கிறீர்கள். மனம் நிறைந்தது. இன்னும் ஒரு வேலை பாக்கி. விதி 55-இன்படி ஜப்தி நீங்கியதாகக் கருதப்படும், ஆனால் அதைச் சார்பதிவாளரின் பதிவேடு தானாக அறிந்துகொள்ளும் என்று விட்டுவிடாதீர்கள். கடன்தாரர் விரும்பினால் அவர் செலவில் ஜப்தி நீக்கத்தையும் அதேபோலத் தமுக்கு அடித்து அறிவித்து, தாளை ஒட்டச் சொல்லலாம். ஒட்டும்போது ஊரே பார்த்தது என்று உங்கள் தங்கை வருந்தினாரே, அவருக்கு இது தேவைப்படலாம். அதைவிட அவசியம், உத்தரவின் சான்றிட்ட நகலை வாங்கி, ஜப்தி நீக்கத்தைச் சார்பதிவாளருக்குத் தெரிவிக்கும்படி நீதிமன்றத்தில் மனு கொடுப்பது.

நாங்கள் அதைச் செய்து, சில வாரங்கள் கழித்துப் புதிய வில்லங்கச் சான்று எடுத்தோம். பழைய வரி அழியவில்லை, அது அழியாது. அதற்குக் கீழே அதே வழக்கு எண்ணோடு ஜப்தி நீக்கப்பட்டதாக இன்னொரு வரி வந்திருந்தது. அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு வரிகளின் எண்களையும் எழுத்தெழுத்தாக ஒப்பிட்டுப் பார்த்துவிட்டு, அந்தத் தாளை அப்பாவின் உறைக்குள் வைத்தார்.